வசனம் இல்லாத பட்டதாரி

1980இல் வந்த ‘வறுமையின் நிறம் சிவப்பு’ படத்தில் ரங்கன் என்ற இளைஞன் டெல்லியில் வேலை தேடி அலைவான். படிப்பு இருக்கும், வேலை இருக்காது, வயிறு காயும். ஆனால் பேச்சுக்கு மட்டும் குறைவே இருக்காது. பாரதியின் வரிகள் அவன் நாக்கு நுனியில் நிற்கும். வெறும் தட்டை வைத்துக்கொண்டு விருந்து சாப்பிடுவதுபோல் நண்பர்கள் பாவனை செய்யும் காட்சியில்கூடப் பசி வாய்விட்டுப் பேசித்தான் தன்னை மறைத்துக்கொள்ளும். கே. பாலசந்தர் எழுதி இயக்கிய படம் அது. சொல் ஒன்றே சொத்தாக உள்ளவன் அதன் நாயகன்.

ஏழு ஆண்டுகள் கழித்து, 1987 நவம்பரில், ரங்கனாக நடித்த அதே கமல்ஹாசன் மறுபடியும் வேலையில்லாப் பட்டதாரியாக வந்தார். இந்தத் தடவை அவருடைய பாத்திரத்துக்குப் பெயர் கிடையாது, ஒரு வரி வசனம்கூடக் கிடையாது. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கிய அந்தப் படம் தமிழ்நாட்டில் ‘பேசும் படம்’ என்ற பெயரில் ஓடியது. கன்னடத்தில் ‘புஷ்பக விமானா’, தெலுங்கில் ‘புஷ்பக விமானம்’, இந்தியில் ‘புஷ்பக்’. மொழிக்கு மொழி மாறியது தலைப்பு மட்டும்தான். இரண்டு மணி நேரத்துக்கும் மேல் ஓடும் அந்தப் படத்தில் பாட்டும் இல்லை. அந்த ஆண்டுக்கான தேசிய விருதுகளில், ஆரோக்கியமான பொழுதுபோக்கைத் தரும் சிறந்த வெகுஜனப் படம் என்ற விருது அதற்குக் கிடைத்தது.

இந்தப் படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் அதை ஒரு சாதனையாகவே பேசுகிறார்கள். வசனமே இல்லாமல் இவ்வளவு நேரம் உட்கார வைத்துவிட்டார்களே என்கிறார்கள். சாதனைதான். ஆனால் அதோடு நிறுத்திக்கொண்டால் படத்தின் பாதியை இழந்துவிடுவோம் என்று நினைக்கிறேன். ரங்கனிடம் இருந்த பேச்சை இந்தப் பட்டதாரியிடமிருந்து ஏன் எடுத்தார்கள்? எடுத்ததும் அவன் எப்படிப்பட்ட மனிதனாக ஆனான்? வசனம் போனதும் கொள்கை முழக்கமும் நியாயம் கேட்கும் குரலும் கூடவே போய்விட்டன. மிஞ்சியது ஓர் உடல். வரிசையில் நிற்கிற, பசிக்கிற, ஆசைப்படுகிற, ஆசைக்காகத் தப்பும் செய்கிற உடல். அந்த உடலை வைத்துத்தான் சிங்கீதம் நம்மைச் சிரிக்க வைத்தார்.

தமிழ் நகைச்சுவை பெரும்பாலும் வாயில் பிறந்தது. தெருக்கூத்தில் கட்டியங்காரன் பேசிக்கொண்டே இருப்பான். தோல்பாவைக் கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் ஒருவரை ஒருவர் மொத்திக்கொள்வார்கள், ஆனால் அதற்கு முன்னால் ஒரு வாய்ச்சண்டை நடந்திருக்கும். என்.எஸ். கிருஷ்ணன் சிரிக்க வைத்தபடியே கருத்துச் சொன்னார். 1980களில் கவுண்டமணி செந்திலை உதைத்தபோதும் முதலில் விழுந்தது சொல், அதன் பிறகே காலும் கையும். நம்மிடம் அடி என்பது வசனத்துக்கு வைக்கும் முற்றுப்புள்ளி.

உடலை நம்பியவர்கள் இல்லாமலில்லை. ஜே.பி. சந்திரபாபுவின் கைகால்கள் ‘சபாஷ் மீனா’வில் (1958) எலும்பே இல்லாததுபோல் ஆடின. நாகேஷ் இன்னும் ஒரு படி மேலே போனார். ‘சர்வர் சுந்தரம்’ (1964) ஓட்டல் சர்வர் ஒருவனைக் கதாநாயகன் ஆக்கியது. ஒல்லி உடம்பு, அம்மைத் தழும்பு முகம், கைநிறையத் தட்டுகள். எம்.ஜி.ஆரும் சிவாஜியும் திரையை நிறைத்திருந்த காலத்தில் நாயகனாக நினைத்துப் பார்க்க முடியாத ஒருவர் நடுவில் வந்து நின்றார். ஆனால் சுந்தரமும் கண்கலங்கப் பேசுவான். கடைசியில் அவனைக் காப்பாற்றுவது அவனுடைய நல்ல மனசு. நல்லவனாக இருந்தால்தான் எளியவன் நாயகனாக முடியும் என்ற எழுதாத விதியை ‘சர்வர் சுந்தரம்’ மீறவில்லை. ‘பேசும் படம்’ மீறியது.

கதையைக் கொஞ்சம் நினைவுபடுத்துகிறேன். பெங்களூரில் ஒண்டுக்குடித்தனக் கட்டடம் ஒன்றில், மாடியிலுள்ள சின்ன அறையில் பட்டதாரி குடியிருக்கிறான். கக்கூஸுக்கு வரிசை, வேலைக்கு வரிசை. ஒருநாள் இரவு குடித்துவிட்டுத் தெருவில் விழுந்துகிடக்கும் பணக்காரன் ஒருவனைப் பார்க்கிறான். அவனிடம் புஷ்பக் என்ற நட்சத்திர ஓட்டலின் அறைச்சாவி இருக்கிறது. பட்டதாரி அவனைத் தூக்கிவந்து தன் அறையில் கட்டிப்போடுகிறான், வாயையும் அடைக்கிறான். பிறகு சாவியோடு ஓட்டலுக்குப் போய் அந்தப் பணக்காரனாகவே வாழத் தொடங்குகிறான். அங்கே ஒரு மந்திரவாதியின் மகளோடு காதல். இதற்கிடையே, பணக்காரனின் மனைவியுடைய காதலன் ஏவிவிட்ட கூலிக்கொலைகாரன், ஆள் மாறியது தெரியாமல் நம் பட்டதாரியைக் கொல்லத் திரிகிறான்.

நாயகன் செய்வது கடத்தல், ஆள்மாறாட்டம், அடுத்தவன் பணத்தில் சுகவாழ்வு. வசனம் இருந்திருந்தால் அவன் இதற்கெல்லாம் நியாயம் சொல்லியிருப்பான். சமூகம் என்னை இப்படி ஆக்கிவிட்டது என்று ஒரு பக்கத்துக்கு முழங்கியிருப்பான், தியேட்டரும் கைதட்டியிருக்கும். அந்த வாய்ப்பை இயக்குநர் அவனுக்குத் தரவில்லை. அவன் செய்வதை மட்டும்தான் பார்க்கிறோம். அவன்மேல் வரும் பரிவும் அவன் செய்யும் குற்றமும் நம் கண்முன் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. எது பெரியது என்று சொல்லித்தர எந்தக் குரலும் இல்லை.

இந்தப் படத்தைப் பார்க்கும் எவருக்கும் சாப்ளின் நினைவு வரும். 1931 ஜனவரியில் வெளிவந்த ‘சிட்டி லைட்ஸ்’ படத்திலும் குடிகாரக் கோடீஸ்வரன் ஒருவன் உண்டு. போதையில் நாடோடியைக் கட்டித் தழுவுவான், தெளிந்ததும் யாரென்றே தெரியாது என்பான். பேசும் படங்கள் உலகத்தைப் பிடித்துக்கொண்ட பிறகும் வசனம் வேண்டாமென்று சாப்ளின் பிடிவாதமாக எடுத்த படம் அது. அதே ஆண்டு மார்ச்சில்தான் இந்தியாவின் முதல் பேசும் படமான ‘ஆலம் ஆரா’ வந்தது, அக்டோபரில் தமிழின் முதல் பேசும் படமான ‘காளிதாஸ்’. தமிழ்த்திரை வாய் திறந்த ஆண்டில் சாப்ளின் வாய் மூடியிருந்தார். ஆனால் ஒரு வித்தியாசத்தைக் கவனிக்க வேண்டும். சாப்ளினின் நாடோடிக்குக் கோடீஸ்வரன் கொடுக்கிறான். நம் பட்டதாரி எடுத்துக்கொள்கிறான். நாடோடி வேலை, பதவி, மேல்தட்டு என்ற ஏணிக்கே வெளியே நிற்பவன். பட்டதாரி அந்த ஏணியின் கடைசிப் படியில் நிற்பவன், மேலே பார்த்துக்கொண்டே இருப்பவன்.

அதனால் எனக்கு அவன் சாப்ளினைவிட ஹெரால்ட் லாயிடுக்கு நெருங்கியவனாகப் படுகிறான். ‘சேஃப்டி லாஸ்ட்’ (1923) படத்தில் லாயிட் ஒரு துணிக்கடைச் சிப்பந்தி. ஊரிலிருந்து வரும் காதலியிடம் தான்தான் மேலாளர் என்று காட்டிக்கொள்ளப் படாதபாடு படுவான். கடைசியில் பல மாடிக் கட்டடத்தின் வெளிச்சுவரில் ஏறுவான், கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்குவான். உச்சியில் காதலி காத்திருப்பாள். பொய் சொன்னாலும் ஏறிவிட்டால் போதும் என்று 1920களின் அமெரிக்கா நம்பியது. 1987இன் பெங்களூர்ப் பட்டதாரிக்கு அந்த நம்பிக்கை கிடையாது. அவனும் பொய்யால்தான் மேலே போகிறான், ஆனால் உண்மையை எழுதிக்கொடுத்துவிட்டுத் தானாகவே இறங்கி வருகிறான்.

இந்தவகை நகைச்சுவைக்கு மேலைநாட்டில் ஸ்லாப்ஸ்டிக் என்று பெயர். விழுவது, வழுக்குவது, மோதுவது, துரத்துவது. 1912இல் தொடங்கிய மாக் செனட்டின் கீஸ்டோன் நிறுவனம் அதை ஒரு தொழிலாகவே வளர்த்தது. அதன் உயிர்நாடி பொருள்களிடம் இருக்கிறது. ஏணி, கதவு, சக்கரம், வாளி எல்லாம் மனிதனுக்கு எதிராகச் சதி செய்யும். சிங்கீதம் இதைக் கற்க ஹாலிவுட்டுக்குப் போக வேண்டியிருக்கவில்லை. அவர் கே.வி. ரெட்டியிடம் உதவியாளராக வேலை பார்த்தவர். ரெட்டியின் ‘மாயாபஜார்’ (1957) தெலுங்கிலும் தமிழிலும் வந்தது. அதில் கடோத்கஜன் ஏற்பாடு செய்த விடுதியில் கம்பளமும் கட்டிலும் உயிர்பெற்று விருந்தாளிகளைப் படுத்தும் பாட்டைப் பார்த்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். பொருளை நடிக்க வைக்கும் கைப்பழக்கம் அங்கிருந்து வந்திருக்க வேண்டும் என்பது என் எண்ணம். ஒன்று மட்டும் மாறியது. ‘மாயாபஜார்’ பொருள்களுக்கு மாயம் இருந்தது, ‘பேசும் படம்’ பொருள்களுக்கு விலை இருக்கிறது.

படம் முழுக்கப் பொருள்கள் வர்க்கத்தைச் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. பட்டதாரி தெருவோரப் பிச்சைக்காரனுக்கு முன்னால் தன்னிடமுள்ள நாணயத்தைக் காட்டிப் பெருமைப்படுகிறான். பிச்சைக்காரன் தன் பங்குக்கு ஒளித்துவைத்த ரூபாய் நோட்டுகளைக் காட்டுகிறான். பி.எல். நாராயணா என்ற தெலுங்கு நடிகர் செய்த அந்தச் சின்ன வேடம் படத்திலேயே எனக்கு மிகவும் பிடித்தது. பிறகு அவன் தெருவிலேயே செத்துப்போகிறான். கூட்டம் பிணத்தைப் பார்க்கவில்லை, பணத்தின்மேல் பாய்கிறது. சிரித்துக்கொண்டிருந்த அரங்கு அந்த இடத்தில் சிரிப்பை எங்கே வைப்பதென்று தெரியாமல் தவிக்கும்.

இதைவிடத் துணிச்சலானது பரிசுப் பெட்டி. கட்டிப்போட்டவனுக்கு மலங்கழிக்க வேண்டுமே. பட்டதாரி அதற்கு ஓர் ஏற்பாடு செய்கிறான். கழிவைப் பெட்டியில் பிடித்து, மினுமினுக்கும் தாளில் பரிசுப்பொருள்போல் சுற்றி, வெளியே கொண்டுபோய்ப் போட்டுவிட்டு வருகிறான். மலத்தைப் பற்றிய நகைச்சுவையைக் கீழ்த்தரம் என்று ஒதுக்குகிறவர்கள் இந்தக் காட்சித் தொடரை மறுபடி பார்க்க வேண்டும். ஒண்டுக்குடித்தனத்தில் பொதுக் கக்கூஸுக்கு வரிசையில் நின்றவன்தான் இப்போது பணக்காரனின் மலத்தை அலங்கரித்துச் சுமக்கிறான். இந்த நாட்டில் எந்தச் சாதியினர், எந்த மனிதர்கள் அந்தச் சுமையைச் சுமந்தார்கள் என்பது நமக்குத் தெரியும். படம் அதை வெளியே எடுத்துச் சொல்லவில்லை. ஒரு பட்டதாரி, காலர் வைத்த சட்டையோடு, அதைக் கையில் எடுத்துக்கொண்டு நடக்கிறான், அவ்வளவுதான்.

ஒலியைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். இதை ஊமைப்படம் என்பது சரியல்ல. வசனம்தான் இல்லை, சத்தம் ஏராளம். பட்டதாரியின் அறைக்குப் பக்கத்தில் சினிமாக் கொட்டகை இருக்கிறது. சண்டைக் காட்சிகளின் இரைச்சல் இரவெல்லாம் சுவரைத் துளைத்து வருகிறது. அதற்குப் பழகிப்போனவனுக்கு ஓட்டல் அறையின் அமைதியில் தூக்கம் வரவில்லை. அந்த இரைச்சலை நாடாவில் பதிவு செய்துகொண்டு வந்து, ஓடவிட்டு, நிம்மதியாகத் தூங்குகிறான். ஏழ்மை ஒருவனுடைய காதுக்குள்ளேயே குடியேறிவிடும் என்பதைச் சொல்ல இவ்வளவு வேடிக்கையான, இவ்வளவு துல்லியமான வழியை நான் வேறெங்கும் கண்டதில்லை. இசையமைத்தவர் எல். வைத்தியநாதன். ‘மால்குடி டேஸ்’ தொடரின் இசையிலும் அவருக்குப் பங்குண்டு. வசனமில்லாப் படத்தில் இசை எல்லாவற்றுக்கும் அர்த்தம் சொல்லிக்கொண்டு முன்னால் ஓடும் ஆபத்து இருக்கிறது. பல இடங்களில் அவர் ஒதுங்கி நின்று தெருவின் சத்தத்துக்கு இடம் விட்டிருக்கிறார்.

எல்லாமே சரியாக அமைந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். பணக்காரனின் மனைவியுடைய காதலன் போடும் சதி மெலிதானது. அந்தப் பெண்ணுக்கு மனம் மாறுவதற்குப் படம் போதிய நேரம் தரவில்லை. டினு ஆனந்த் செய்த கொலைகாரன் அற்புதமான கற்பனை. பனிக்கட்டியில் கத்தி வார்த்துக் குத்துவது, குத்தியபின் அது உருகிவிடும், தடயம் மிஞ்சாது. ஆனால் அவனுடைய தோல்விகள் ஒன்றன்பின் ஒன்றாக வரும்போது நடுப்பகுதி சற்று இழுக்கிறது.

நடிகர்களின் பட்டியலே ஒரு சிறிய இந்தியா. குடிகாரப் பணக்காரனாக வந்த சமீர் கக்கர், அதற்குச் சற்று முன்னால் தூர்தர்ஷனின் ‘நுக்கட்’ தொடரில் கோப்டி என்ற குடிகாரனாக நாடெங்கும் அறிமுகமானவர். டினு ஆனந்தும் ஃபரீதா ஜலாலும் இந்தித் திரையுலகத்தினர். பிரதாப் போத்தன் மலையாளத்துக்கும் தமிழுக்கும் சொந்தக்காரர். காதலியாக வந்த அமலா கலாக்ஷேத்ராவில் பரதம் பயின்றவர். இவர்களை ஒரே படத்தில் சேர்த்தால் சாதாரணமாக டப்பிங் கலைஞர்கள் பாதிப்பேருக்குக் குரல் கொடுக்க வேண்டியிருக்கும். இங்கே எல்லோரும் தங்கள் சொந்த முகத்தோடு, சொந்த உடம்போடு வந்து போனார்கள். அமலாவின் கண்ணும் விரலும் பேசும் இடங்களில், மேடையில் பயின்ற அபிநயம் எப்படி அன்றாட அசைவாகச் சுருங்கி அழகாகிறது என்பதைப் பார்க்கலாம். பெங்களூரின் வின்ட்சர் மேனர் ஓட்டலில் எடுத்த காட்சிகளில், சன்னலுக்குச் சன்னல், கூடத்துக்குக் கூடம் அவளும் பட்டதாரியும் சைகையால் உறவாடுகிறார்கள்.

மொழி தேவைப்படாத இந்த உறவாடலைப் பார்க்கும்போது எனக்குப் பல மொழிகள் புழங்கும் டாலிகஞ்ச் நினைவுக்கு வருகிறது. சென்னையிலிருந்து ஆயிரம் கிலோமீட்டருக்கும் அதிகமான கடலைத் தாண்டி, அந்தமானில், இன்று ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாறியிருக்கும் போர்ட் பிளேரின் ஓரத்தில், புரோத்ராப்பூருக்கும் கராச்சர்மாவுக்கும் அக்கம்பக்கமாக இருக்கும் பகுதி அது. 2011 கணக்கெடுப்பின்படி தீவுகளின் மொத்த மக்கள்தொகை 3,80,581. அதில் வங்காளியைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள் நூற்றுக்கு 28 பேருக்குச் சற்று மேல், இந்தி 19, தமிழ் 15, தெலுங்கு 13, மலையாளம் 7. பிரிவினைக்குப் பிறகு கிழக்கு வங்கத்திலிருந்து வந்து குடியேறியவர்கள், சோட்டா நாக்பூரிலிருந்து காட்டுவேலைக்குக் கொண்டுவரப்பட்ட பழங்குடிகள், ராமநாதபுரத்திலிருந்தும் தூத்துக்குடிப் பக்கத்திலிருந்தும் கூலிக்கும் கடைக்கும் கப்பலேறியவர்கள், இலங்கையிலிருந்து திரும்பி நிக்கோபாரின் கச்சால் தீவு ரப்பர்த் தோட்டத்தில் இறங்கிய மலையகத் தமிழர் என்று எல்லோரும் சேர்ந்த சமூகம் இது. வீட்டில் தமிழோ வங்காளியோ, கடைத்தெருவில் இந்தி.

இப்படிப்பட்ட ஊரில் ஒரு தமிழ் நகைச்சுவைப் படத்தைப் பக்கத்து வீட்டு வங்காளியோடு உட்கார்ந்து பார்த்தால், கவுண்டமணியின் வசனத்துக்கு ஒரு வீடு மட்டும் சிரிக்கும், இன்னொரு வீடு விளக்கம் கேட்கும். விளக்கிய நகைச்சுவை செத்த நகைச்சுவை. ‘பேசும் படம்’ அங்கே அத்தனை பேரையும் ஒரே நொடியில் சிரிக்க வைக்கும். நகரத்து விமர்சகர்கள் வசனமின்மையை ஒரு பரிசோதனையாகப் பார்க்கிறார்கள். ஐந்தாறு மொழி புழங்கும் தெருவுக்கு அது பரிசோதனை அல்ல, தேவை. தீவுகளில் உள்ள பள்ளிகளில் தமிழ், வங்காளி, தெலுங்கு, இந்தி பேசும் பிள்ளைகளுக்குச் சேர்ந்தாற்போல் ஒரு படம் காட்ட வேண்டுமென்றால் நான் முதலில் சொல்வது இதைத்தான். எல்லா மொழிப் பிள்ளைகளுக்கும் ஒரே பிரதி போதும், துணைத்தலைப்பு ஒட்ட வேண்டியதில்லை.

தீவில் பிறந்த பிள்ளைகளுக்கு அந்தப் பட்டதாரியின் வரிசை அந்நியமாகவும் இருக்காது. அரசு வேலைதான் வேலை என்ற எண்ணம் அங்கே ஆழமாக வேரூன்றியிருக்கிறது. தொழிற்சாலைகள் அரிது, சுற்றுலாவும் மீன்பிடியும் அரசு அலுவலகமும்தான் பிழைப்பு. விண்ணப்பம் போட்டுவிட்டுக் காத்திருப்பவனின் உடல்மொழி பெங்களூரிலும் டாலிகஞ்சிலும் ஒன்றுதான். தோள் கொஞ்சம் முன்னால் வளைந்திருக்கும், கையிலுள்ள காகிதம் வியர்வையில் நனைந்திருக்கும்.

‘பேசும் படம்’ ஓடியது, விருதும் வாங்கியது, பேரும் பெற்றது. சிங்கீதமும் கமலும் அதற்குப் பிறகும் சேர்ந்து ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989), ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) என்று நகைச்சுவையில் பெரிய வெற்றிகளைத் தந்தார்கள். இரண்டிலும் உடல்வித்தை உண்டு, ஆனால் சிரிப்பை மறுபடியும் சுமந்தது கிரேசி மோகனின் வசனம். கிரேசி மோகனை நான் நேசிக்கிறேன். ஆனாலும் ஒரு கதவு திறந்து உடனே மூடிக்கொண்டது என்ற வருத்தம் எனக்கு உண்டு.

மூடியதற்குக் காரணம் ரசிகர்கள் என்று சொல்வது எளிது, ஆனால் நியாயமில்லை. அவர்கள் இந்தப் படத்தை ஏற்றுக்கொண்டார்கள். தமிழ்ப்பட வியாபாரம் பாட்டுகளின் ஒலிநாடா விற்பனையையும் நட்சத்திரத்தின் முழக்க வசனத்தையும் தூணாக வைத்துக் கட்டப்பட்டது. வசனமில்லாத, பாட்டில்லாத படத்துக்கு அன்று அந்த இரண்டு வருமானமும் இருக்கவில்லை. ஒலிநாடாவில் விற்க எதுவுமே இல்லாத படத்துக்கு முதலீடு கேட்டுப் போனவர், தயாரிப்பாளர் முன்னால் அந்தப் பட்டதாரியைப் போலத்தான் நிற்க வேண்டியிருந்திருக்கும்.

2018இல் கார்த்திக் சுப்புராஜ் ‘மெர்க்குரி’ எடுத்தார். அதிலும் வசனம் இல்லை. ஆனால் அது திகில் படம். அதன் இளைஞர்கள் பாதரச நச்சால் பேச்சையும் செவியையும் இழந்தவர்கள். பேசாமலிருப்பதற்குக் கதைக்குள் ஒரு காரணம் தேவைப்பட்டிருக்கிறது. சிங்கீதம் எந்தக் காரணமும் சொல்லவில்லை. பட்டதாரி ஊமையில்லை, காதலி ஊமையில்லை, ஓட்டல் சிப்பந்தியும் கொலைகாரனும் ஊமையில்லை. எல்லோராலும் பேச முடியும், படம் அவர்களைப் பேசவிடவில்லை, பார்ப்பவர்களும் பத்து நிமிடத்தில் அதைக் கேட்பதை விட்டுவிட்டார்கள். வேலையில்லாதவனின் ஒரு நாளில் அவன் வாயைத் திறக்கும்படி யாரும் அவனிடம் எதையும் கேட்பதில்லை என்பது அவர்களுக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது.